கேளுங்க, சொல்றேன்: இந்த மாதம் திபெத்துக்காரர்கள்

போன இதழில் புத்த கயா யாத்திரையைப் பற்றி நாலு வரி எழுதப் போய், வந்த கடிதங்களில் பாதிக்கு மேல் அங்கே பார்த்த திபெத்துக்காரர்களைப் பற்றித்தான். குளிர்காலத்தில் இரங்கூனிலிருந்து ஆட்களைக் கூட்டிக்கொண்டு கயாவுக்கும் சாரநாத்துக்கும் போய்வருவது என் பிழைப்பு. அப்படியே மைசூரில் இருக்கும் அக்கா மகனையும் எட்டிப் பார்த்துவிட்டு வருவேன். அந்த இரண்டு வழியிலும் திபெத்துக்காரர்களோடு பழக்கம் உண்டு. கேள்விகளை ஒரே இதழில் முடித்துவிடச் சொல்லிவிட்டார் ஆசிரியர். சரி, ஆரம்பிப்போம்.

மகாபோதி கோயிலுக்குப் பக்கத்தில் ஒருவர் பலகை போட்டு விழுந்து விழுந்து கும்பிட்டுக்கொண்டே இருந்தார். நாங்கள் சாப்பிட்டு, கடைத்தெரு சுற்றி, திரும்பி வந்தபோதும் அதையேதான் செய்துகொண்டிருந்தார். வேண்டுதலா, தண்டனையா? – வாசகி, தாட்டோன்

இரண்டும் இல்லை அம்மா. அது பயிற்சி. ஒரு லட்சம் முறை விழுந்து எழ வேண்டும்.

திபெத்திய முறையில் குரு பெரிய உபதேசம் எதையும் எடுத்த எடுப்பில் கொடுத்துவிட மாட்டார். அதற்கு முன்னால் செய்து முடிக்க வேண்டியவை சில இருக்கின்றன. சரணாகதி சொல்லி நெடுஞ்சாண்கிடையாக விழுவது ஒரு லட்சம். வஜ்ரசத்துவர் என்ற புத்தரின் நூறெழுத்து மந்திரம் ஒரு லட்சம். தட்டில் அரிசியைக் குவித்து, உலகத்தையே காணிக்கையாக நினைத்துப் படைத்து, கலைத்து, மறுபடி குவிப்பது ஒரு லட்சம். அப்புறம் குருவை நினைத்துச் செய்யும் வழிபாடு. ஒரு நாளைக்கு ஆயிரம் முறை விழுந்தாலும் முதல் லட்சத்துக்கே மூன்று மாதத்துக்கு மேல் ஆகும். வேலை வெட்டி உள்ளவர்கள் வருஷக்கணக்கில் இழுத்து முடிப்பார்கள்.

அடுத்த முறை போனால் அந்தப் பலகையைக் கொஞ்சம் கவனியுங்கள். ஆள் நீளத்துக்கு இருக்கும். உள்ளங்கை வழுக்கிப் போகிற இரண்டு தடமும், நெஞ்சு படுகிற இடமும் மட்டும் தேய்ந்து, மெழுகு பூசியது மாதிரி மின்னும். கையில் துணிப்பட்டையோ பழைய அட்டைத் துண்டோ மாட்டியிருப்பார்கள், தோல் உரியாமல் இருக்க. முழங்காலுக்கு ஒரு மெத்தை. தலைமாட்டில் ஜபமாலை. கூப்பிய கையை உச்சி, தொண்டை, நெஞ்சு என்று மூன்று இடத்தில் வைப்பது உடல், வாக்கு, மனம் மூன்றாலும் வணங்குவதற்காக. அப்புறம் முழங்கால் ஊன்றி, ஒரே வழுக்கலில் முழு நீளத்துக்குப் போய், நெற்றி தொட்டு, எழுந்து, ஒரு மணியைத் தள்ளுவார்கள். எழுபது வயதுப் பாட்டிமார் செய்வதைப் பார்த்தால் நமக்கு மூச்சு வாங்கும்.

நம் அம்மன் கோயிலில் தீ மிதிப்பதும் அங்கப்பிரதட்சணம் செய்வதும் ஒரு காரியம் நடந்ததற்காக, அல்லது நடக்க வேண்டும் என்பதற்காக. இதில் நேர்ந்துகொண்டது ஒன்றும் கிடையாது. அகங்காரம் கரைய வேண்டும், அவ்வளவுதான். இன்னொன்று, முகத்துக்கு நேரே போனை நீட்டிப் படம் எடுக்காதீர்கள். நம் ஆட்கள்தான் இதில் முதலிடம்.

நம் பொங்கிகள் (பர்மியப் பிட்சுகள்) பகல் 12 மணிக்கு மேல் ஒரு பருக்கை தொட மாட்டார்கள். லாமாக்கள் இரவில் கவுஸ்வே நூடுல்ஸ் மாதிரி ஒன்றைச் சாப்பிட்டதை என் கண்ணால் பார்த்தேன், அதுவும் கறி போட்டு. இவர்களைத் துறவி என்று எப்படிக் கும்பிடுவது? – வாசகர், மோல்மீன்

கறிக்கு முதலில் வருகிறேன். மோல்மீனில் காலையில் பாத்திரம் ஏந்தி வருகிற பொங்கிக்கு உங்கள் வீட்டில் என்ன போடுகிறீர்கள்? கோழிக் குழம்பு போட்டால் வாங்கிக்கொண்டுதானே போகிறார்? அப்புறம் திபெத்துக்காரரை மட்டும் ஏன் கேட்கிறீர்கள்? அவர்கள் ஊர் 4,000 மீட்டர் உயரம். பார்லி விளையும், யாக் மாடு மேயும். கத்தரிக்காய்க்கும் முருங்கைக்காய்க்கும் எங்கே போவது? இந்தியாவுக்கு வந்த பிறகு, காய்கறி தாராளமாகக் கிடைக்கிற தெற்கில், பல மடங்களில் பொதுச் சமையல் சைவமாகிவிட்டது.

இரவுச் சாப்பாடு வேறு விஷயம். நம் நாட்டில் துறவிகளுக்குத் தேரவாத விநயம், அதாவது ஒழுக்க விதித் தொகுப்பு, 227 விதி. அவர்களுடையது மூலசர்வாஸ்திவாத விநயம், 253 விதி. பகலுக்கு மேல் உண்ணக் கூடாது என்பது அதிலும் உண்டு. ஆனால் நடைமுறையில் தளர்த்திக்கொண்டார்கள். குளிரும், ராத்திரி வரை நீளும் படிப்பும் காரணம் என்கிறார்கள். எனக்கு இதில் பெரிய குறை தெரியவில்லை. நீங்கள் பார்த்தது துக்பா, நூடுல்ஸ் போட்ட சூப்.

தினமும் தெருவில் பிட்சைக்குப் போகிற வழக்கம் அவர்களிடம் இல்லை. மடத்துச் சமையல்கட்டில்தான் எல்லாம். காலைப் பூஜை நடந்துகொண்டிருக்கும்போதே, பத்துப் பன்னிரண்டு வயதுப் பையன்கள் தங்கள் பாதி உயரத்துக்கு இருக்கும் கெட்டிலைத் தூக்கிக்கொண்டு வரிசைக்கு வரிசை ஓடி டீ ஊற்றுவார்கள். மந்திரம் நிற்காது, கிண்ணம் மட்டும் அங்கியின் மடிப்பிலிருந்து வெளியே வரும். ஓடுகிற பையன் வழுக்கி விழுந்தால் பக்கத்துப் பையன்கள் மந்திரத்துக்கு நடுவே குலுங்கிக் குலுங்கிச் சிரிப்பார்கள். ரொம்பப் பிடித்த காட்சி எனக்கு.

படிப்பைப் பார்த்தால் கும்பிடத்தான் தோன்றும். கெலுக் என்ற திபெத்திய மரபில், மடத்துப் படிப்பின் உச்சமான கெஷே பட்டம் வாங்க 15, 20 வருஷம் ஆகும். மாலையில் மடத்து முற்றத்தில் தர்க்கம் நடக்கும். உட்கார்ந்திருப்பவர் பதில் சொல்ல வேண்டும். நிற்பவர் கேள்வியை முடிக்கும்போது இடது காலை ஓங்கித் தரையில் மிதித்து, வலது கையால் இடது உள்ளங்கையில் பளாரென்று அறைவார். முதல் முறை பார்ப்பவர்கள் சண்டை என்று பயந்துபோவார்கள். இருநூறு பேர் ஒரே நேரத்தில் இப்படிச் செய்கிற முற்றத்தில் நின்றால் காது அடைத்துவிடும்.

கயிற்றில் கட்டிப் பறக்கவிடும் கொடிகளுக்கு ஏன் ஐந்து நிறம்? – வாசகர், பியாப்போன்

நீலம் வானம், வெள்ளை காற்று, சிவப்பு நெருப்பு, பச்சை நீர், மஞ்சள் மண். பஞ்சபூதம், இந்த வரிசையில்தான் கட்டுவார்கள். அச்சடித்த மந்திரம் காற்றோடு போய் எல்லோருக்கும் சேரும் என்பது நம்பிக்கை. கிழிந்து வெளுத்தால் அபசகுனம் இல்லை. காரில் தொங்கவிடுவது நம் பையன்கள் கண்டுபிடித்த ஃபேஷன்.

நம் நாட்டிலும் திபெத்துக்காரர்கள் இருக்கிறார்களாமே? அவர்களும் அகதிகளா? – கல்லூரி மாணவர், பெகு

இருக்கிறார்கள் தம்பி, ஆனால் அகதிகள் இல்லை. கச்சின் மாநிலத்தின் வட கோடியில், பூட்டாவோவுக்கும் மேலே, ககாபோ ராசி மலையடிவாரத்தில் சில சிற்றூர்கள். கடைசி ஊர் தஹாவுண்டம். அதற்கு வடக்கே நம் நாட்டில் ஊர் கிடையாது. பூட்டாவோவிலிருந்து நடந்து போனால் இரண்டு வாரத்துக்குக் குறையாது. 1959-இல் தலாய் லாமாவோடு திபெத்திலிருந்து இந்தியாவுக்குத் தப்பி வந்தவர்கள் அல்ல இவர்கள். பல தலைமுறைக்கு முன்பே கணவாய் தாண்டி, வேட்டைக்கும் மூலிகைக்கும் வந்து தங்கிவிட்டவர்கள். சுற்றியிருக்கும் ராவாங் மக்கள் பெரும்பாலும் கிறிஸ்தவர்கள். இவர்கள் பௌத்தர்களாகவே இருக்கிறார்கள்.

சுமார் 5,880 மீட்டர் உயரமுள்ள அந்த மலையின் உச்சியை 1996-இல் முதலில் தொட்டவர்கள் இரண்டு பேர். ஒருவர் ஜப்பான்காரர் தகாஷி ஒசாகி. இன்னொருவர் நிமா கியால்ட்சன், நம் நாட்டுத் திபெத்தியர். பொது அறிவுப் போட்டியில் கேட்டால் இரண்டாவது பெயரையும் சேர்த்துச் சொல்.

எங்கள் அத்தை குடும்பம் 1964-இல் கட்டின துணியோடு கப்பலேறிச் சென்னைக்குப் போனது. திபெத்துக்காரர்களும் கையில் ஒன்றுமில்லாமல்தானே வந்தார்கள்? அவர்கள் இன்றைக்கும் மொழி, உடை, கோயில் என்று ஒரே கூட்டமாக இருக்கிறார்கள். அத்தை பேரன்களுக்கு ஒரு பர்மிய வார்த்தை தெரியாது, பர்மா காலனி என்ற பெயர்தான் மிச்சம். அவர்களுக்குத் தலாய் லாமா இருந்தார், நமக்கு யாரும் இல்லை என்பதுதானே காரணம்? – வாசகர், இரங்கூன்

தலாய் லாமா இருந்தது பெரிய விஷயம்தான், மறுக்கவில்லை. ஆனால் அதை மட்டும் காரணம் சொல்வது சுலபமான பதில்.

முதலில், உங்கள் அத்தை திரும்பிப் போனது சொந்த நாட்டுக்கு. மொழி தெரியும், ஊரில் சொந்தம் உண்டு, குடியுரிமை உண்டு. கடனுதவி வாங்கி பர்மா பஜாரில் கடை போட்டவர்கள், அத்தோ நூடுல்ஸ் விற்றவர்கள் எல்லோரும் ஊரோடு கலந்தார்கள். கலக்க முடிந்ததால் கலந்தார்கள். அதில் வருத்தப்பட என்ன இருக்கிறது? திபெத்துக்காரருக்கு அந்த வசதி இல்லை. விருந்தாளியாக வந்தவர்கள், திரும்பிப் போகப் போகிறோம் என்று நினைத்தவர்கள்.

ஆரம்ப வருஷங்களில் அவர்கள் பட்டபாடு நம் தாத்தாக்கள் பட்டதற்குக் குறைந்ததல்ல. 1942-இல் நம்மவர்கள் காடு மலை தாண்டி நடந்துபோன அதே அசாம் பக்கம்தான் 1959-இல் அவர்களும் போய் இறங்கினார்கள். மிசாமாரி முகாம் வெயிலில், பனிநாட்டு உடம்பு தாங்காமல் எத்தனையோ பேர் போய்ச் சேர்ந்தார்கள். துறவிகளைக் கொண்டுபோய் வைத்த இடம் பக்சா கோட்டை. வெள்ளைக்காரன் சுதந்திரப் போராட்டக்காரர்களை அடைத்து வைத்த சிறை அது. அங்கே காசநோய். குடும்பஸ்தர்கள் இமயமலையில் ரோடு போடும் வேலைக்குப் போனார்கள். பிள்ளைகள் கல் உடைக்கிற இடத்திலேயே கிடந்தன.

அந்தப் பிள்ளைகள் விஷயத்தில் அவர்கள் செய்த வேலையைத்தான் நான் முக்கியமாக நினைக்கிறேன். எங்கள் குழந்தைகளுக்குத் தனிப் பள்ளி வேண்டும் என்று தலாய் லாமா நேருவிடம் கேட்டார். 1960 மார்ச்சில் முசூரியில் முதல் பள்ளி. அதே வருஷம் மே மாதம் ரோடு முகாம்களிலிருந்து 51 குழந்தைகளைக் கொண்டுவந்து தரம்சாலாவில் ஒரு காப்பகம். தலாய் லாமாவின் அக்கா பார்த்துக்கொண்டார். 1961-இல் திபெத்தியப் பள்ளிகளுக்கென்றே இந்தியக் கல்வி அமைச்சின் கீழ் ஒரு தனி அமைப்பு. தெற்கில் பெரிய மடங்கள் எழும்பியது அப்புறம்தான். சேரா மடம் மைசூர் பக்கத்துப் பைலகுப்பேயில் காலூன்றியது 1970-இல், ஊருக்கே பெயர் வாங்கிக் கொடுத்த தங்கக் கோயில் திறந்தது 1999-இல்.

இன்னொன்று நிலம். மைசூர் மாநில அரசு பைலகுப்பேயில் சுமார் 3,000 ஏக்கர் காட்டைக் குத்தகைக்குக் கொடுத்தது. கூடாரத்தில் இருந்துகொண்டு மரம் வெட்டி, யானை வந்து மிதிக்க மிதிக்க மக்காச்சோளம் போட்டார்கள். பிறகு முண்ட்கோடு, ஹூன்சூர், கொள்ளேகால் பக்கமும் குடியிருப்புகள் வந்தன. பத்து வீடு இங்கே, இருபது வீடு அங்கே என்று சிதறியிருந்தால் இரண்டு தலைமுறையில் கரைந்திருப்பார்கள்.

நாம் இங்கே என்ன செய்தோம்? கோயில் கட்டினோம். ஒவ்வொரு ஊரிலும் ஒரு முனீஸ்வரன், ஒரு அம்மன், வருஷம் தவறாமல் திருவிழா. 1960களில் பள்ளிக்கூடங்கள் அரசு கைக்குப் போனபோது தமிழும் போனது. இப்போது கோடை விடுமுறையில் கோயில் மண்டபத்தில் அ, ஆ சொல்லிக்கொடுக்கிறோம். என் பேத்தி காவடிப் பாட்டை பர்மிய எழுத்தில் எழுதிவைத்துக்கொண்டு பாடுகிறாள். நன்றாகவே பாடுகிறாள், அது வேறு.

அவர்களுடையது கதைப்புத்தக முடிவு என்றும் நினைக்காதீர்கள். 2009-இல் அவர்களே எடுத்த கணக்கில் இந்தியாவில் 94,203 பேர். அதற்கப்புறம் குறைந்துகொண்டே வருகிறது. இளசுகள் கனடா, அமெரிக்கா என்று போய்விடுகிறார்கள். பைலகுப்பேயில் பூட்டின வீடுகளை நிறையப் பார்க்கலாம். மக்காச்சோள வயலில் வேலை செய்பவர்கள் பெரும்பாலும் பக்கத்து ஊர்க் கன்னடக்காரர்கள். மடங்களிலும் இப்போது லடாக், அருணாசலம், நேபாளப் பையன்கள் அதிகம். அக்டோபர் வந்தால் லூதியானாவில் கடனுக்கு ஸ்வெட்டர் எடுத்து, சென்னை, கோவை, மதுரை என்று நடைபாதையில் விரித்து விற்றுவிட்டு, லோசார் புத்தாண்டுக்கு ஊர் திரும்புவது இன்னும் பல குடும்பங்களுக்குப் பிழைப்பு. சென்னை வெயிலில் ஸ்வெட்டர் யார் வாங்குகிறார்கள் என்று ஒரு திபெத்திய அம்மாவிடம் கேட்டேன். "ஊட்டிக்கு டூர் போறவங்கதான்ணா. நீங்க எடுக்கலேன்னா பரவால்ல, கைய வெச்சுக் கசக்காதீங்க" என்றது அந்த அம்மா, சுத்தமான சென்னைத் தமிழில்.

அங்கேயே பிறந்து வளர்ந்தவர்களுக்கு இந்தியக் குடியுரிமை இல்லையா? – வாசகர், மண்டலே

அட்டைக் கதை நமக்குத் தெரியாததா! நம் நாட்டு 1982 குடியுரிமைச் சட்டத்தில் ரோஜா நிற அட்டை ஒருத்தருக்கு, நீலம் ஒருத்தருக்கு, பச்சை ஒருத்தருக்கு என்று ஒரே வீட்டில் மூன்று நிறம் வைத்திருப்பவர்கள் நாம். என் அம்மா கடைசி வரை வெளிநாட்டவர் பதிவுச் சீட்டோடுதான் இருந்தார்.

அவர்களுக்கும் பதிவுச் சான்று ஒன்று உண்டு, காலாவதியாகும் முன் புதுப்பித்துக்கொண்டே இருக்க வேண்டும். வெளிநாடு போகப் பாஸ்போர்ட்டுக்குப் பதிலாக மஞ்சள் அட்டை போட்ட ஒரு சான்று. அதைப் பார்த்துவிட்டு விமான நிலையத்தில் ஓரமாக நிற்கச் சொல்வது வாடிக்கை. சட்டப்படி 1950 ஜனவரி 26-க்கும் 1987 ஜூலை 1-க்கும் இடையில் இந்திய மண்ணில் பிறந்தவர் பிறப்பாலேயே குடிமகன். திபெத்தியருக்கும் இது பொருந்தும் என்று டெல்லி உயர் நீதிமன்றம் சொல்லிவிட்டது. ஆனால் 2017-இல் பாஸ்போர்ட் கொடுக்க ஒத்துக்கொண்ட அரசு கூடவே நிபந்தனையும் போட்டது: பதிவுச் சான்றைத் திருப்பிக் கொடு, குடியிருப்பை விட்டு வெளியே போ, அகதிச் சலுகையை மறந்துவிடு. ஆகவே தகுதி இருந்தும் வாங்காதவர்கள் ஏராளம். வாங்கினால் திபெத்துப் போராட்டத்தைக் கைகழுவினதாக ஆகிவிடும் என்று நினைக்கிற பெரியவர்களும் உண்டு.

திபெத்துப் பெண் துறவிகள் நம் ஊர்த் தீலாஷின் மாதிரிதானா? – வாசகி, இரங்கூன்

நிலைமை ஒன்று, உடை வேறு. நம் தீலாஷின்களுக்கு ரோஜா நிறம், அவர்களுக்கு ஆண்களைப் போலவே அடர் சிவப்பு. முழுப் பிட்சுணிப் பட்டம் இரண்டு இடத்திலும் இல்லை. ஆனால் படிப்பில் ஒரு கதவு திறந்துவிட்டது. ஆண்களுக்கு மட்டும் என்றிருந்த கெஷே பட்டத்தின் பெண்பால், கெஷேமா, 2016 டிசம்பரில் முண்ட்கோட்டில் 20 பெண் துறவிகளுக்கு தலாய் லாமா கையால் கிடைத்தது. முற்றத்தில் கைதட்டி, கால் மிதித்துத் தர்க்கம் செய்து வாங்கிய பட்டம். இடுப்பில் கை வைத்துக்கொண்டு "பொம்பளைக்கு இதெல்லாம் எதுக்கு" என்பவர்கள் திபெத்திலும் இருந்தார்கள், நம் ஊர் மாதிரியே.

அடுத்த தலாய் லாமா எங்கே பிறப்பார்? – வாசகர், பெகு

ஜோசியம் நம் வேலை இல்லை. 2025 ஜூலை 2-ஆம் தேதி, 90 வயது நிறைய நாலு நாள் இருக்கும்போது, தனக்குப் பின்னும் அந்தப் பீடம் தொடரும், அடுத்தவரை அடையாளம் காணும் உரிமை தன் காடன் போட்ராங் அறக்கட்டளைக்கு மட்டும்தான் என்று சொல்லிவிட்டார். தங்கக் குடத்தில் சீட்டுப் போட்டு, எங்கள் ஒப்புதலோடுதான் நடக்க வேண்டும் என்கிறது சீனா. தலாய் லாமாவுக்கு அடுத்த பெரிய லாமாவான பஞ்சன் லாமா என்று 1995-இல் தலாய் லாமா அறிவித்த ஆறு வயதுப் பையனைச் சீன அதிகாரிகள் கொண்டுபோனார்கள். அதற்கப்புறம் அவனை வெளியே யாரும் பார்க்கவில்லை. அதனால் இரண்டு தலாய் லாமாக்கள் வரலாம் என்று அங்கே சாதாரணமாகப் பேசிக்கொள்கிறார்கள். அரசியல் அதிகாரத்தை 2011-இலேயே விட்டுக்கொடுத்துவிட்டார். ஓட்டுப் போட்டுத் தேர்ந்தெடுத்த தலைவர்தான் இப்போது நிர்வாகம் பார்க்கிறார்.

பைலகுப்பேக்கு நாங்களும் போகலாமா? – வாசகி, தாட்டோன் (அதே அம்மாதான்)

போகலாம். மைசூரிலிருந்து குஷால்நகர் பஸ்ஸில் ஏறி, கொஞ்சம் முன்னதாகவே இறங்க வேண்டும், சுமார் 80 கிலோமீட்டர். தங்கக் கோயிலில் மூன்று பெரிய சிலைகள்: நடுவில் புத்தர் சுமார் 60 அடி, இரண்டு பக்கமும் பத்மசம்பவர், அமிதாயுஸ். செருப்பைக் கழற்றுங்கள், இடமிருந்து வலமாகச் சுற்றுங்கள். வெளியே மோமோ சாப்பிடுங்கள். உப்பு வெண்ணெய் டீ வேண்டுமென்று கேட்டு வாங்கினால் மெதுவாகக் குடியுங்கள். குடிக்கக் குடிக்க நிரப்பிக்கொண்டே இருப்பார்கள். போதும் என்றால் கோப்பையை அப்படியே நிறைத்து வைத்துவிட வேண்டும்.

பகலில் பார்த்துவிட்டு வர அனுமதி எதுவும் வேண்டாம். ராத்திரி தங்குவதாக இருந்தால் நம்மைப் போன்ற வெளிநாட்டு பாஸ்போர்ட்காரர்களுக்கு டெல்லி உள்துறை அமைச்சின் பாதுகாக்கப்பட்ட பகுதி அனுமதி வேண்டும். அது வர மாதக்கணக்கில் ஆகும். அதனால் நான் குழுவைக் காவிரிக்கு அந்தப் பக்கம் குஷால்நகரில்தான் தங்கவைப்பேன். கட்டாயம் உள்ளேயே தங்க வேண்டும் என்பவர்கள் மழைக்காலம் முடிவதற்குள் எனக்குச் சொல்லிவிடுங்கள். படிவத்தில் பாஸ்போர்ட்டில் உள்ள பர்மியப் பெயரை மட்டும் எழுதுங்கள். வீட்டில் கூப்பிடுகிற முருகேசனையும் செல்லம்மாளையும் எழுதி அனுப்பினால் அந்த விண்ணப்பம் டெல்லியிலேயே கிடக்கும்.